டைம் ஆபீஸ் கணக்கு

தமிழ்நாட்டுத் தொழிற்சாலை எதிலாவது வருகைக் கணக்குப் பார்க்கும் டைம் ஆபீஸில் உட்கார்ந்து பழகியவரிடம் 480 என்று சொன்னால் போதும், மீதியை அவரே சொல்லிவிடுவார். 24 மாதத்துக்குள் 480 நாள் வேலை பார்த்த தொழிலாளியை நிரந்தரமாக்க வேண்டும் என்பது 1981-இல் தமிழ்நாடு கொண்டுவந்த சட்டம். ஐம்பது பேருக்குக் குறைவான இடங்களுக்கும் பருவகால வேலைகளுக்கும் அது பொருந்தாது. வருஷக்கணக்காகக் கேஷுவலாகவே வைத்திருந்து ஒருநாள் காலையில் "நாளையிலிருந்து வர வேண்டாம்" என்று சொல்லும் பழக்கத்துக்கு முடிவு கட்டத்தான் அதைக் கொண்டுவந்தார்கள். அம்பத்தூரில் நான் இருந்த வாகன உதிரிபாகக் கம்பெனியில் அந்தச் சட்டத்தால் எனக்கு வந்த வேலை வேறு. 400 நாளைத் தாண்டியவர்களின் பட்டியலை மாதாமாதம் எடுத்து பர்சனல் மேனேஜர் மேசையில் வைக்க வேண்டும். அவர் பச்சை மசியில் சில பெயர்களுக்கு எதிரே டிக் போடுவார். டிக் இல்லாதவர்களுக்கு அந்த மாதத்தோடு கணக்கு முடிப்போம்.

சட்டத்தை எழுதியவர்கள் ஏமாளிகள் இல்லை. உடம்பு சரியில்லாத நாள், விபத்து விடுப்பு, கதவடைப்பு, தொழிலாளியின் குற்றமில்லாமல் வேலை நின்ற நாள், இவை எல்லாம் தொடர்ச்சியைக் கெடுக்காது என்று அதிலேயே எழுதி வைத்திருக்கிறார்கள். ஆகவே பத்து நாள் பிரேக் கொடுத்துத் திரும்பக் கூப்பிடுவது நீதிமன்றத்தில் நிற்காது. அது தெரிந்ததும் கம்பெனிகள் பிரேக்கை விட்டுவிட்டு வேறு வழிக்குப் போயின. டிரெய்னி என்று எடுப்பார்கள், அப்ரன்டிஸ் என்று எடுப்பார்கள், கடைசியில் காண்ட்ராக்டர் பெயரில் எடுப்பார்கள். காண்ட்ராக்டர் லைசென்ஸ் மாறினால் ஆளின் டோக்கன் நிறம் மாறும். அதே ஆள் மறுநாளும் அதே மெஷினில் நிற்பார். ஐந்தாறு வருஷம் இப்படி நிறம் மாறிக்கொண்டே இருந்தவர்களை எனக்குத் தெரியும்.

இதைத் தொழிலாளிக்கு இழைத்த அநியாயம் என்று மட்டும் பேசினால் பாதிதான் பேசியதாகும். மீதிப் பாதி ஷாப் ஃப்ளோரில் நடந்தது. கணினி சொல்கிறபடி உலோகத்தைக் கடையும் சி.என்.சி. மெஷினில் பட்டன் அழுத்த ஒரு வாரத்தில் கற்றுக்கொள்ளலாம். டூல் தேய்வதைச் சத்தத்திலேயே கண்டுபிடிக்கவும், டூல் தேய்வுக்கு ஈடாக ஆஃப்செட் அளவை எவ்வளவு திருத்த வேண்டும் என்று கை தயங்காமல் சொல்லவும், அளவு பார்க்கும் கேஜில் உள்ளே போகிற பீஸ் ஏன் மதியத்துக்கு மேல் போக மறுக்கிறது என்று யோசிக்கவும் ஒரு வருஷத்துக்கு மேல் ஆகும். சரியாக அந்தச் சமயத்தில்தான் அவர் பெயர் என் பட்டியலில் ஏறும். அவரை அனுப்பிவிட்டுப் புதுப் பையனை நிறுத்துவோம். அடுத்த இரண்டு மாதம் அந்த லைனில் ரிஜெக்‌ஷன் ஏறும். குவாலிட்டி ஆட்கள் சூப்பர்வைசரைத் திட்டுவார்கள், சூப்பர்வைசர் பையனைத் திட்டுவார். ஒருவர்கூட டைம் ஆபீஸைத் திட்ட மாட்டார்கள். காரணம், தள்ளுபடியான பீஸ் கணக்கில் மெட்டீரியல் செலவாகப் போகிறது, நாங்கள் மிச்சம் பிடித்த கூலி லேபர் செலவில் தெரிகிறது. இரண்டையும் ஒரே பக்கத்தில் எழுதிப் பார்த்த முதலாளியை நான் பார்த்ததில்லை.

அனுப்பப்பட்டவர் சும்மா இருப்பாரா? அடுத்த தெருவில் உள்ள கம்பெனியில் போய் மறுபடி டிரெய்னியாகச் சேருவார். அங்கே அவருக்கு அனுபவம் உண்டு என்று காட்டினால் டிரெய்னி உதவித்தொகைக்கு எடுக்க மாட்டார்கள். அதனால் அனுபவத்தை மறைத்துச் சேருவார். தெரிந்த வேலையைத் தெரியாதது மாதிரி செய்ய வேண்டிய சந்தை அது. எந்தக் கம்பெனியும் இவர்களுக்குப் பயிற்சி கொடுக்கப் பணம் போடாது. போகப்போகிறவர்தானே! அவர்களும் மனம் வைத்துக் கற்க மாட்டார்கள். இருக்கப்போவதில்லையே!

அடுத்த எண் நூறு. இது டெல்லி எண். 1976-இல் நெருக்கடி நிலைக் காலத்தில் தொழில் தகராறு சட்டத்தில் 5-பி அத்தியாயத்தைச் சேர்த்தார்கள். முந்நூறு பேரோ அதற்கு மேலோ உள்ள தொழிற்சாலை, லே-ஆஃப் (வேலை கொடுக்காமல் தற்காலிகமாக நிறுத்திவைப்பது) கொடுக்கவோ ஆட்குறைப்பு செய்யவோ மூடவோ அரசின் முன் அனுமதி வாங்க வேண்டும் என்றது அது. 1982 திருத்தம் முந்நூறை நூறாக்கியது; 1984-இல் நடைமுறைக்கு வந்தது. வேலை விதிகளை எழுதிவைக்கச் சொல்லும் நிலையாணைச் சட்டத்துக்கும் அப்போது மத்திய வரம்பு நூறுதான். ஆக, செக் ரோலில், அதாவது ஆள் பட்டியலில், எண்ணிக்கை தொண்ணூறைத் தொட்டால் முதலாளிக்கு உறக்கம் கெட்டது.

எங்கள் தொழிற்பேட்டையில் ஒரு காம்பவுண்டுக்குள் மூன்று கம்பெனிப் பெயர்ப்பலகைகள் தொங்கும் இடங்கள் உண்டு. ஒன்று அப்பா பெயரில், ஒன்று மனைவி பெயரில், மூன்றாவது மச்சான் பெயரில். ஒரே கேட், ஒரே டிரான்ஸ்ஃபார்மர். ஆனால் மூன்று பி.எஃப். எண், மூன்று ஆடிட்டர் பில், மூன்று பேங்க் லிமிட். ஒரு ஷெட்டிலிருந்து அடுத்த ஷெட்டுக்கு டிரேயைத் தள்ளிக்கொண்டு போனால் போதும் என்ற தூரத்துக்கு வெளி ஆளிடம் வேலைக்கு அனுப்புவது போல ஜாப் ஒர்க் சலான் போடுவார்கள். நிதியும் நிர்வாகமும் ஒன்றாக இருந்தால் எல்லாம் ஒரே நிறுவனம்தான் என்று நீதிமன்றம் சொல்லிவிடக்கூடும் என்பதால், ஒன்றாக வாங்கினால் மலிவாகக் கிடைக்கும் கம்ப்ரஸரைக்கூடத் தனித்தனியாக வாங்குவார்கள். எனக்குத் தெரிந்த ஒருவருக்கு ஒரு பெரிய ஆர்டர் வந்தது. முழு வேலையும் ஒரே கூரையின் கீழ், ஒரே நிர்வாகத்தில் நடக்க வேண்டும் என்பது வாங்குகிறவரின் நிபந்தனை. இவர் ஒரு மாதம் யோசித்தார். ஆர்டர் வெளிமாநிலத்துக்குப் போய்விட்டது. அந்த மெஷின்களில் வேலை கிடைத்திருக்கக் கூடியவர்களின் பெயர் எந்தப் பட்டியலிலும் இல்லை, அதனால் யாரும் வருத்தப்படவும் இல்லை.

இந்த இடத்தில் முதலாளிகள் சங்கக் கூட்டத்தில் பேசுவது போல, "பார்த்தீர்களா, சட்டம்தான் வேலைவாய்ப்பைக் கெடுத்தது" என்று முடித்துவிட எனக்கு மனம் வரவில்லை. கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஆட்குறைப்பு இழப்பீடு, முடித்த ஒவ்வொரு வருஷத்துக்கும் 15 நாள் சராசரிச் சம்பளம். பத்து வருஷம் வேலை பார்த்தவருக்கு 150 நாள், அதாவது ஐந்து மாதம். அதற்குப் பயந்தா ஒருவர் தன் தொழிலை மூன்றாக வெட்டிக்கொள்வார்? அரசு அனுமதி கிடைக்காது என்ற பயம் என்பார்கள். ஆனால் எங்கள் பக்கத்தில் அந்த அனுமதிக்கு விண்ணப்பம் போட்டவர் யாரையும் எனக்குத் தெரியாது. ஆளைக் குறைக்க நினைத்தவர்கள் வி.ஆர்.எஸ். என்ற விருப்ப ஓய்வு கொடுத்தார்கள். ஸ்ரீபெரும்புதூரில் நோக்கியா 2006-இல் உற்பத்தி தொடங்கியது. 2014-இல் பெரும்பாலானோர் விருப்ப ஓய்வுத் திட்டத்தில் வெளியே போனார்கள், அந்த வருஷம் நவம்பர் 1 அன்று உற்பத்தி நின்றது. சட்டம் புத்தகத்தில் அப்படியேதான் இருந்தது.

உண்மையான காரணத்தை ஒரு முதலாளி ஒருமுறை காபி குடித்துக்கொண்டே சொன்னார். "பெர்மனென்ட் ஆனா சங்கத்துல சேருவான் சார். சேர்ந்தா மூணு வருஷத்துக்கு ஒருதரம் 12(3) பேசணும்." தொழிலாளர் துறை அதிகாரி முன்னிலையில் போடும் ஒப்பந்தத்தைத்தான் 12(3) என்கிறோம். அவர் பயந்தது இழப்பீட்டுக்கு இல்லை, எதிரே உட்கார்ந்து பேசப்போகும் ஆளுக்கு. பக்கத்துப் பக்கத்து மெஷினில் ஒரே பீஸை ஓட்டும் இருவரில் ஒப்பந்தத்துக்குள் இருப்பவரின் சம்பளத்தில் பாதிகூடக் காண்ட்ராக்ட் ஆளுக்கு வராத இடங்கள் உண்டு. முதலாளி காக்க நினைத்தது அந்த வித்தியாசத்தைத்தான். சங்கத்தையும் இதில் விட்டுவிட முடியாது. காண்ட்ராக்ட் ஆட்களை உறுப்பினராகச் சேர்க்கப் பல சங்கங்கள் தயங்கின. மார்க்கெட் சரிந்தால் முதலில் போவது அவர்கள்தான், உள்ளே இருப்பவருக்கு அது ஒரு தடுப்பு மாதிரி. இதை எந்தச் சங்கத் தலைவரும் மேடையில் சொல்ல மாட்டார், கேன்டீனில் சொல்வார்.

பொருளாதார அறிஞர்கள் இதைப் பற்றிச் சண்டை போட்டிருக்கிறார்கள் என்று பின்னாளில்தான் படித்தேன். திமோதி பெஸ்லியும் ராபின் பர்கெஸும் 2004-இல் வெளியிட்ட ஆய்வு, தொழில் தகராறு சட்டத்தைத் தொழிலாளர் பக்கமாகத் திருத்திய மாநிலங்களில் பதிவு பெற்ற தொழிற்சாலைகளின் உற்பத்தியும் முதலீடும் வேலையும் பின்தங்கின என்றது. மாநிலத் திருத்தங்களுக்கு அவர்கள் மதிப்பெண் போட்ட முறையே சரியில்லை என்று ஆதித்ய பட்டாச்சார்ஜியா கேள்வி எழுப்பினார். எனக்கு அதில் ஒரு சின்ன விஷயம் உறுத்தியது. அவர்கள் எண்ணியது 1947-இன் தொழில் தகராறு சட்டத்துக்கு வந்த திருத்தங்களை. எங்கள் கழுத்தில் தொங்கிய 480 நாள் சட்டமோ தனிச் சட்டம். அந்தக் கணக்கில் அதற்கு இடமே இல்லை.

பெண்களுக்கு இருந்த தடை வேறு மாதிரி. தொழிற்சாலைகள் சட்டம் 66-ஆம் பிரிவு இரவு 7 மணி முதல் காலை 6 மணி வரை பெண்களை வேலைக்கு வைக்கக் கூடாது என்றது. மூன்று ஷிஃப்டும் சுழற்சியில் ஓடும் லைனில் இரவு ஷிஃப்டுக்கு வர முடியாதவரை எடுத்தால் மற்றவர்களுக்கு இரவு முறை கூடும். ஆகவே மெஷின் ஷாப்பில் பெண் விண்ணப்பமே தனிக் கோப்பில் போய்விடும். 2000-இல் சென்னை உயர் நீதிமன்றம் அந்தப் பிரிவு செல்லாது என்றது. அதற்குப் பிறகு ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் பக்கம் விடியற்காலையில் கம்பெனி பஸ்களிலிருந்து பெண்கள் இறங்குவதைப் பார்த்தவர்களுக்கு, சட்டப் புத்தகத்தில் ஒரு வரியை எடுத்தால் எவ்வளவு திறக்கிறது என்று தெரியும். பஸ்ஸும் ஹாஸ்டலும் பாதுகாப்பும் கம்பெனிக்குச் செலவுதான். ஆனால் அதைக் கணக்குப் போட்டுச் செய்தார்கள்.

இப்போது சட்டங்களைத் தொகுத்து நான்கு தொகுப்புச் சட்டங்களாக்கி, 2025 நவம்பர் 21 முதல் நடைமுறை என்று மத்திய அரசு அறிவித்திருக்கிறது. நூறு மறுபடி முந்நூறாகியிருக்கிறது. குறிப்பிட்ட காலத்துக்கு எடுக்கப்படும் தொழிலாளிக்கு ஐந்து வருஷம் காத்திராமல் ஒரு வருஷத்திலேயே கிராஜுவிட்டி உண்டு. அது நல்ல ஏற்பாடு. அறிவிப்பு வந்த கொஞ்ச நாளில், இன்னும் வேலையில் இருக்கும் பழைய சகா ஒருவர் போன் செய்தார். "பதினோரு மாசத்துக்கு ஆர்டர் போட்டா கிராஜுவிட்டி வராதுல்ல?" என்பதுதான் அவர் கேட்ட முதல் கேள்வி.

கோடு போட்டுக் கட்டுப்படுத்தினால் முதலாளி மட்டும்தான் கோட்டுக்குக் கீழே ஒதுங்குவார் என்று நினைக்க வேண்டாம். தொழிலாளர் மருத்துவக் காப்பீடான ஈ.எஸ்.ஐ.-க்குச் சம்பள வரம்பு 2017 ஜனவரி முதல் 21,000 ரூபாய். அதைத் தாண்டினால் அந்தப் பங்களிப்புக் காலம் முடியும் வரை, அதாவது செப்டம்பர் அல்லது மார்ச் வரை, பிடித்தம் தொடரும். பிறகு படிப்படியாக மருத்துவ உரிமையும் போகும். ஒரு ஒப்பந்தத்தில் சம்பளம் ஏறி, கிரைண்டிங் பிரிவில் மூத்தவர் ஒருவர் வரம்பைத் தாண்டப்போகிறார் என்று தெரிந்தது. மறுநாளே என் மேசைக்கு வந்தார்.

"எனக்கு இன்கிரிமென்ட் வேணாம் சார்."

அவர் மனைவிக்கு வாரம் இரண்டு முறை டயாலிசிஸ். ஈ.எஸ்.ஐ. வழியாக நடந்துகொண்டிருந்தது. ஒப்பந்தத்தால் கிடைப்பதோ மாதம் ஆயிரத்துச் சொச்சம். வெளியே அதே சிகிச்சைக்கு அந்தப் பணம் ஒரு தடவைக்கே பற்றாது. வேலைக்கான கூலி ஏறுவதால் ஒரு குடும்பம் ஏழையாகும் என்பதை அவர் எனக்கு ஒரு துண்டுச் சீட்டில் கூட்டிக் காட்டினார்.

ஒப்பந்தத் தொகையை ஒருவர் வேண்டாம் என்று எழுதிக் கொடுத்தால் அது செல்லாது. ஆனால் இரண்டு மாதத்துக்கு மேற்பட்ட இடைவெளியில் கொடுக்கும் தொகை அப்போதிருந்த ஈ.எஸ்.ஐ. சட்டப்படி சம்பளத்தில் சேரவில்லை. கூடுதல் நேர வேலைக்கான ஓ.டி. பணமும் வரம்பைப் பார்க்கும்போது கணக்கில் வரவில்லை. சங்கத்தோடு பேசி, அந்த கிரேடுக்கு மட்டும் உயர்வின் ஒரு பகுதியை மூன்று மாதத்துக்கு ஒருமுறை வரும் உற்பத்தி ஊக்கத்தொகையாக மாற்றினோம். இதனால் பி.எஃப். ஏறாது, கடைசியில் வரும் கிராஜுவிட்டியும் குறையும் என்று அவரிடம் விளக்கினேன். "தெரியும் சார்" என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டார். அதற்கு அடுத்த ஒப்பந்தப் பேச்சில், வரம்புக்குச் சற்றுக் கீழே இருந்த மற்றவர்களுக்கும் அதே மாதிரி பிரித்துக் கொடுக்கச் சொல்லி முதலில் கேட்டது சங்கம்தான். நிர்வாகம் உடனே ஒத்துக்கொண்டது.