சத்தம் எட்டாத தீவுகள்: நாட்குறிப்பு

ஜூன் 4

மேப் ஒருவழியா வரைஞ்சு முடிஞ்சுது. இந்தியப் பெருங்கடல்ல சாகோஸ் தீவுகளுக்கும் தெற்கே, நிஜ மேப்புல வெறும் நீலமா இருக்குற இடத்துல என் கற்பனைத் தீவுக்கூட்டம். பெரியதீவு, கல்லுத்திட்டு, நண்டுத்திட்டு, அப்புறம் இன்னும் பேர் வைக்காத பொடிசுங்க. விதி ஒண்ணே ஒண்ணுதான், அந்தக் காத்துல சத்தம் கை எட்டுற தூரத்தைத் தாண்டாது. அலை உடையறது கண்ணுக்குத் தெரியும், காதுக்கு வராது. தண்ணி, தரை, மரம், கயிறு இதுலெல்லாம் சத்தம் எப்பவும் போலப் போகும்.

ஜூன் 5

காத்து ஏன் அப்படி இருக்குன்னு ஒரு காரணம் வேணுமேன்னு செவ்வாய் கிரகத்தைப் பத்திப் படிச்சேன். 2021ல இறங்கின பெர்சிவியரன்ஸ் ரோவர்ல மைக் இருக்கு. அங்க காத்தழுத்தம் நம்மகிட்ட இருக்கறதுல 1 சதவீதம்கூட கிடையாது, முக்கால்வாசிக்கு மேல கார்பன் டை ஆக்சைடு, அது கீச்சுக்குரலை எல்லாம் சீக்கிரமே முழுங்கிடுது, சத்தத்தோட வேகமும் செகண்டுக்கு 240 மீட்டர் பக்கம்தான், நம்ம ஊர்ல 340. ஆனா அந்தக் காத்துல மனுஷன் மூச்சு விட முடியாதே. அதனால காரணத்தை விட்டுட்டேன். அந்த ஜனங்க எப்படிப் பேசிக்குவாங்க, அதுதான் எனக்கு வேணும்.

ஜூன் 9

இன்னிக்கு முழுக்க மார்த்தாஸ் வினியார்ட்தான். அமெரிக்காவுல மாசசூசெட்ஸ் கரைக்குப் பக்கத்துல இருக்குற நிஜத் தீவு. இங்கிலாந்தோட கென்ட் பகுதியில இருந்து வந்து குடியேறின குடும்பங்க வழியா காது கேளாமை பரம்பரையா வந்திருக்கு, 19ஆம் நூற்றாண்டுல தீவுல 155 பேருக்கு 1 ஆள், அதுலயும் சில்மார்க்ங்கற ஊர்ல 25 பேருக்கு 1 ஆள் காது கேக்காதவங்க. இதுல என்னை உலுக்கினது நம்பர் இல்ல. காது நல்லா கேக்குறவங்களும் சின்ன வயசுலயே சைகை மொழி கத்துக்கிட்டாங்க, படகுல இருந்து படகுக்கு மீனவங்க கையாலயே பேசிக்கிட்டாங்க, தூரமா இருந்தா தொலைநோக்கியை எடுத்து வச்சுப் பாத்துப் பேசினாங்க. அங்க பரம்பரையா காது கேக்காம இருந்தவங்கள்ல கடைசி ஆள் 1952ல இறந்துட்டாங்க.

இதைப் படிச்சதும் என் தீவு மேல எனக்கு இருந்த எண்ணமே மாறிடுச்சு. நான் ஏதோ ஒரு சோகமான, வெறிச்சோடின இடத்தை வரைஞ்சிட்டு இருந்தேன், இப்ப பாத்தா அது பேச்சு ஓயாத இடம். ஒரு கரையில ரெண்டு பேர் சண்டை போட்டா எதிர்க்கரையே வாசிச்சிடும். முதுகைத் திருப்பிக்கிட்டா பேச்சு முடிஞ்சதுன்னு அர்த்தம், அதைவிடப் பெரிய அவமானம் அங்க கிடையாது.

ஜூன் 10

வௌவால்ல பூச்சி பிடிக்கிறது வேணாம், எதிரொலி இல்லாம அதால வேட்டையாட முடியாது. கண்ணால வழி பாத்துப் போற பழந்தின்னி மட்டும் இருக்கட்டும். பறவைக்கு ஃபிரிகேட் போதும், ஆண் பறவை தொண்டைப் பைய சிவப்பா ஊதிக்கிட்டு உக்காந்தாலே சேதி போயிடும்.

ஜூன் 14

பெரிய சிக்கல் ராத்திரி. இருட்டினா கை தெரியாது, விளக்கெண்ணெய் தீந்தா மொழியே தீந்துடும். நாலு நாளா இதுலயே மாட்டிக்கிட்டு இருந்தேன், வழி நண்டுகிட்ட கிடைச்சுது. ஃபிட்லர் நண்டுன்னு ஒண்ணு, ஆணுக்கு ஒரு கொடுக்கு மட்டும் ரொம்பப் பெருசு, பகல்ல அதை ஆட்டி ஆட்டிப் பொண்ணைக் கூப்பிடும். அதுல சில வகை ராத்திரியில வளை வாசல்ல நின்னு தரையில தட்டிக் கூப்பிடுது! பகலுக்கு ஒரு மொழி, இருட்டுக்கு ஒரு மொழி. என் ஜனங்களுக்கும் அப்படியே. எல்லா வீட்டுக்கும் பலகைத் தரை, குதிகாலால தட்டினா அடுத்த அறையில படுத்திருக்கவங்க முதுகுல வாங்கிக்குவாங்க. வீட்டுக்கு வீடு மரப்பாலம் வச்சா தெருவே ஒரே தரை ஆயிடும், அதுக்காக ஊரோட மேப்பையே மாத்தி வரையப் போறேன்.

ஜூன் 15

பச்சக்குழந்தை அழுதா? இதை யோசிச்சு நேத்து தூக்கமே வரல. தூளியில இருந்து ஒரு கயிறு அம்மாவோட கால் கட்டைவிரலுக்கு வரும், பிள்ளை உதைச்சா அவ முழிச்சுக்குவா, வந்து தூக்கி நெஞ்சோட வச்சுக்குவா, அப்பதான் அழுகைச் சத்தமே அவளுக்குக் கேக்கும். தாலாட்டும் அப்படித்தான், தூக்கி வச்சிருக்க பிள்ளைக்கு மட்டும். அந்தத் தீவுல பாட்டுன்னா கட்டிப்பிடிக்கிற தூரத்துல ரெண்டு பேருக்குள்ள நடக்கிறது, கூட்டத்துக்கு நடுவுல யாரும் பாட மாட்டாங்க, பாடினாலும் ஒருத்தருக்கும் கேக்காது. ஒருத்தரோட குரல் எப்படி இருக்கும்னு தெரியணும்னா அவங்க உன்னைப் பக்கத்துல விட்டிருக்கணும். இந்த ஒரு விஷயத்துக்காகவே இந்தத் தீவுகளை முழுசா எழுதிடணும்.

ஜூன் 21

தலையை முக்கினா உலகமே மாறும். தண்ணிக்குள்ள சத்தம் செகண்டுக்கு 1500 மீட்டர் கிட்ட ஓடும். பாறை இடுக்குல சொடுக்கு இறால் படபடன்னு வெடிக்கிறது, தூரத்துல திமிங்கலம், எல்லாம் ஒரே நேரத்துல. திமிங்கலம் நான் சும்மா சேத்தது இல்ல. அணுகுண்டு சோதனை நடக்குதான்னு கண்காணிக்கக் கடலுக்கடியில மைக் வச்சிருக்காங்க, அந்தப் பதிவுகளை வச்சுத்தான் சாகோஸ் பக்கம் தனிப் பாட்டு பாடுற ஒரு குட்டை நீலத்திமிங்கலக் கூட்டம் இருக்குன்னு 2021ல ஆய்வாளர்கள் சொன்னாங்க. கிட்டத்தட்ட 20 வருஷப் பதிவுல அந்தப் பாட்டு இருந்திருக்கு, அதுவரைக்கும் அப்படி ஒரு கூட்டம் இருக்கறதே யாருக்கும் தெரியாது. என் தீவுப் பிள்ளைங்க நீச்சல் கத்துக்கிற முதல் நாள் கேக்கப் போறது அதைத்தான்.

ஜூன் 23

மூடுபனிக்கும் வழி கிடைச்சாச்சு. 1900களோட தொடக்கத்துல லைட்ஷிப்ல இருந்து, அதாவது கலங்கரை விளக்கம் மாதிரி ஒரே இடத்துல நங்கூரம் போட்டு நிக்கிற கப்பல்ல இருந்து, தண்ணிக்கடியில மணியைத் தொங்கவிட்டு அடிச்சிருக்காங்க, பனியில காத்து வழியா வர்ற மணிச்சத்தத்தை நம்ப முடியாதுன்னு. கப்பலோட ரெண்டு பக்கமும் கேக்குற கருவி, எந்தப் பக்கம் சத்தம் ஜாஸ்தியோ மணி அந்தப் பக்கம். தண்ணிக்குள்ள காதை வச்சு மட்டும் திசை பிடிக்கிறது கஷ்டம், சத்தம் ரெண்டு காதுக்கும் கிட்டத்தட்ட ஒண்ணா வந்துடும். அதனால என் படகுக்காரங்க ரெண்டு பக்கப் பலகையிலயும் மாத்தி மாத்திக் காதை ஒட்டிக் கேப்பாங்க. ஒவ்வொரு துறையிலயும் தண்ணிக்குள்ள ஒரு மணி: பெரியதீவுக்கு விட்டு விட்டு ரெண்டு அடி, கல்லுத்திட்டுக்கு மூணு, நண்டுத்திட்டு மணியை அடிக்கிறது யாருன்னு நாளைக்கு எழுதணும், அனேகமா ஒரு பாட்டியும் அவங்க பேத்தியும்.