டொய்ங், விஷ்ஷ், டுபுடுபு: கார்ட்டூன் சத்தம் செய்து பார்த்தது

பழைய கார்ட்டூன் சத்தங்களை வீட்டுச் சாமான்களை வைத்தே செய்து பார்க்கலாம் என்று இறங்கியதில், இதுவரை தேறியவை இவை.

முதலில் ‘டொய்ங்’. மேசை விளிம்பில் எவர்சில்வர் ஸ்கேலை அமுக்கிப் பிடித்து, நுனியைத் தட்டிவிட்டு, அதிரும்போதே உள்ளே இழுத்தால் சுருதி ஏறும். ஆனால் கேட்டால் வகுப்பறை ஞாபகம்தான் வருகிறது. அமெரிக்காவில் இதற்குப் பல இடங்களில் மீட்டியது, வாயில் வைத்து வாசிக்கும் நம் மோர்சிங்கின் உறவுக்காரக் கருவி. கடனாக ஒரு மோர்சிங் கிடைத்தது. மீட்டிவிட்டு வாயை ‘ஓ’விலிருந்து ‘ஈ’க்குக் கொண்டுபோனேன், அச்சு அசல் அதே சத்தம்!

அப்புறம், ரோட் ரன்னர் பறவையைத் துரத்தும், ஓநாய் போன்ற கொயோட்டி பள்ளத்தில் விழும்போது தேய்ந்துகொண்டே போகும் விசில். அரை இஞ்ச் பிவிசி குழாயின் வாயில் ஒரு பக்கம் சீவிய மரக்கட்டை, அதையொட்டி மேலே ஒரு துளை, மறுமுனையில் கம்பியில் துணி சுற்றிய பிஸ்டன். வாசலின் தடவினால்தான் காற்று கசியாது. ஒரே வேகத்தில் இழுத்தால் விழுகிற உணர்ச்சி பாதியிலேயே செத்துவிடுகிறது. காரணம் எளிது: குழாய்க்குள் இருக்கும் காற்றின் நீளம் 10 செ.மீ.யிலிருந்து 20 ஆனால் ஒரு ஸ்தாயி இறங்கும். அடுத்த ஸ்தாயிக்கு 40 வரை போக வேண்டும். போகப் போக வேகமாக இழுத்ததும் சரியாகிவிட்டது.

நிஜத்தில் விழுகிறவன் விசில் அடிப்பதில்லை. பொருந்தாத சத்தத்தைப் பொருத்துவதில்தான் சிரிப்பே இருக்கிறது. வார்னர் பிரதர்ஸ் கார்ட்டூன்களுக்குச் சத்தம் சேர்த்த ட்ரெக் பிரவுன் அதில் மன்னன்; என் ஓட்டு அவருக்குத்தான். டிஸ்னியில் 1934-ல் சேர்ந்த ஜிம்மி மெக்டொனால்டு வேறு ரகம். சத்தத்துக்கென்றே நூற்றுக்கணக்கில் கருவிகளைத் தானே செய்தவர், பிற்பாடு மிக்கி மவுஸுக்குக் குரலும் கொடுத்தார். டாம் பூனையின் அலறல்? இயக்குநர் வில்லியம் ஹன்னாவின் சொந்தத் தொண்டை.

1957-ல் ஹன்னாவும் அவர் கூட்டாளி பார்பெராவும் டிவிக்குப் படமெடுக்க வந்தபோது பட்ஜெட் சுருங்கியது, வரையும் படங்களும் குறைந்தன. அந்தக் குறையைச் சத்தம் நிரப்பியது. நின்ற இடத்திலேயே கால் சுழலும், போங்கோ முழங்கும், ‘விஷ்ஷ்’! ஆள் காலி. அந்தச் சத்தத் தொகுப்பு பின்னாளில் விற்பனைக்கும் வந்தது. நம் டிவி காமெடியில் தலையில் அடி விழுந்தால் ‘டொய்ங்’ கேட்பதும் இந்த வழக்கத்தின் தொடர்ச்சிதான்.

போங்கோவுக்குப் பதில் பிளாஸ்டிக் குடத்தைக் கவிழ்த்துப்போட்டு விரலால் தட்டினேன். சுமார்தான், ஆனாலும் ஆடாசிட்டி என்ற ஒலித்தொகுப்பு மென்பொருளில் வேகத்தைக் கூட்டினால் ஓடுகிறது. அடுத்தது இடிச் சத்தம். அதற்குப் பெரிய தகரத் தகடு வேண்டும். சின்னதை உலுக்கினால் கலகலவென்றுதான் கேட்கிறது.