தொடாமல் தொழுத தெய்வம்

நியூசிலாந்தின் வட தீவில், ஆக்லாந்திலிருந்து காரில் ஏறத்தாழ நான்கு மணி நேரம் சென்றால் வைப்போவா காடு வருகிறது. டானே மஹுட்டா என்னும் பெருமரத்தைத் தரிசிக்க அங்கு சென்ற எங்களிடம் காலணியைக் கழற்றச் சொல்லவில்லை. தேய்த்துக் கழுவச் சொன்னார்கள். நடைபாதையின் தொடக்கத்திலேயே பிரஷ்களும் கிருமிநாசினியும் வைத்த ஒரு சிறு கூடம் இருக்கிறது. எங்களை அழைத்துச் சென்ற வழிகாட்டி, நியூசிலாந்தின் பூர்வகுடிகளான மாவோரி மக்களில் ஒருவர்; இக்காட்டைத் தலைமுறைகளாகக் காத்துவரும் டே ரோரோவா குலத்தவர். என் காலணியின் இடுக்குகளில் மண் ஒட்டியிருக்கிறதா என்று தாமே குனிந்து பார்த்த பிறகுதான் அவர் என்னை உள்ளே விட்டார். பெரியவர் ஒருவர் என் காலருகே குனிந்தது எனக்குக் கூச்சமாக இருந்தது.

உள்ளே நடப்பது சில நிமிடங்கள்தான். ஒரு திருப்பத்தில் வழிகாட்டி நின்று, கரக்கியா என்னும் வழிபாட்டுப் பாடலைத் தாழ்ந்த குரலில் தொடங்கினார். பொருள் புரியாமல் கைகூப்பி நின்ற நான், அவர் குரல் உயர்ந்தபோது தலையை நிமிர்த்தினேன். எதிரே சாம்பல் நிறச் சுவர்போல் தெரிந்தது அடிமரம் என்பதை உணரவே சற்று நேரமாயிற்று. 51 மீட்டர் உயரமும் 13 மீட்டருக்கு மேற்பட்ட சுற்றளவும் கொண்ட, கவுரி என்னும் இனத்தைச் சேர்ந்த மரம் அது. வயது 1,250 முதல் 2,500 ஆண்டுகள் வரை இருக்கலாம் என்கிறார்கள். மாவோரி மக்களுக்குக் காடுகளின் தெய்வமான டானேயின் பெயரையே இம்மரம் தாங்கி நிற்கிறது.

டானேயின் கதையை அவர் அங்கேயே நின்று சொன்னார். குலத்துக்குக் குலம் அது சற்று மாறுவதுண்டு. ஆதியில் வானத் தந்தை ரங்கியும் பூமித் தாய் பாப்பாவும் இறுகத் தழுவிக் கிடக்க, அவர்களுடைய பிள்ளைகள் அந்த இருவருக்கும் இடையே இருளில் நெருக்குண்டு வாழ்ந்தார்கள். (நாம் குழந்தையை அழைக்கும் சொல் அங்கே உலகத் தாயின் பெயராக இருப்பதை நான் மனத்துக்குள் ரசித்துக்கொண்டேன்.) பெற்றோரைக் கொன்றுவிடலாம் என்றான் போர்த் தெய்வமான டூ, கொல்ல வேண்டாம், பிரித்தால் போதும் என்றான் டானே. பயிர்களின் தெய்வமான ரோங்கோவும் கடலின் தெய்வமான டங்கரோவாவும் முயன்று தோற்ற பின், டானே தலையைத் தாயின்மேல் ஊன்றி, கால்களைத் தந்தைமேல் வைத்து, மெல்ல மெல்ல உந்தினான். ஒளி பிறந்தது. அப்படியானால் நாம் அடிமரம் என்று பார்ப்பது தலைகீழாக நிற்கும் ஒரு தெய்வத்தின் உடல். மேலே விரிந்த கிளைகளே அவன் பாதங்கள். பாதம் பணியும் ஆவலோடு வந்த எனக்கு அவை எட்டாத உயரத்தில் இருந்தன.

அந்தப் பிரிவை ஏற்காதவன் காற்றின் தெய்வமான டாஃபிரிமாட்டேயா. தன் கண்களையே பிடுங்கி அவன் வானில் எறிந்தான் என்றும், நாம் கார்த்திகை என்று வணங்கும் விண்மீன் கூட்டம், அவர்களுடைய மட்டாரிகி, அந்தக் கண்களே என்றும் ஒரு மரபு உண்டு. 2022 முதல் மட்டாரிகித் திருநாள் நியூசிலாந்தின் பொது விடுமுறை நாள்.

மரத்தைத் தொட்டு வணங்கலாமா என்று கேட்டேன். கூடாது என்றார். கவுரியின் உணவுறிஞ்சும் வேர்கள் மண்ணின் மேற்பரப்பை ஒட்டியே பரவுவதால், மனிதர் மிதித்தாலே நலிந்துவிடும். அதனால்தான் பலகைப் பாதையும் தடுப்பும். அதைவிடக் கொடியது ஃபைட்டோஃப்தோரா என்னும் நுண்ணுயிரி. காலணி மண்ணோடு அது பரவி வேரை அழுகச் செய்ய, அடிமரத்தில் பிசின் வழிந்து மரம் பட்டுப்போகும்; மருந்திட்டு நோயை மட்டுப்படுத்த முடிகிறதே தவிர முற்றிலும் குணப்படுத்த முடிவதில்லை. பக்தனின் காலடியே தெய்வத்துக்கு ஆபத்தாக இருக்கும் ஒரு தலத்தில் நான் நிற்பது அப்போதுதான் உறைத்தது. 2013 வறட்சியில் பக்கத்து ஓடையிலிருந்து 10,000 லிட்டர் நீரை இம்மரத்துக்குப் பாய்ச்சினார்களாம். அதை அபிஷேகம் என்றே என் மனம் எடுத்துக்கொண்டது.

கரக்கியா சொல்லாமல் மரம் வெட்டிய ராட்டாவின் கதையையும் அவர் சொன்னார். படகுக்காக அவன் வீழ்த்திய மரத்தைக் காட்டின் பறவைகளும் பூச்சிகளும் இரவோடிரவாகச் சிராய் சிராயாகப் பொருத்தி மீண்டும் நிறுத்திவிட்டன. அவன் வெட்கித் தவறை ஒப்புக்கொண்ட பிறகு, அவையே அவனுக்குப் படகு செய்து கொடுத்தன.

திரும்பும் வழியில் மீண்டும் காலணிகளைக் கழுவினோம். முதல் பெண்ணான ஹினே அஹு ஓனேயை டானே செம்மண்ணால் வனைந்து, அவள் மூக்கின் வழியே தன் மூச்சை ஊதி உயிர் தந்ததையும், அவள் தும்மிக்கொண்டே கண் விழித்ததையும் அங்கேதான் சொன்னார். பிறகு என் தோளில் கைவைத்து, தம் நெற்றியையும் மூக்கையும் என் நெற்றியோடும் மூக்கோடும் சேர்த்து அழுத்தி, ஒரு கணம் கண்மூடி நின்றார். இதற்கு ஹோங்கி என்று பெயர் என்றார்; அந்த முதல் மூச்சைத்தான் இன்றும் ஒருவருக்கொருவர் பகிர்ந்துகொள்கிறோம் என்றார்.