சட்டப் புத்தகமும் முழங்கால் மண்ணும்

மற்ற ஆட்டங்களுக்கு விதிகள் உண்டு. ரக்பிக்கு இருப்பவை சட்டங்கள். 2018-இல் எளிமைப்படுத்திய பிரதியில் மொத்தம் 21. வழக்கறிஞராக இருந்துகொண்டே பெண்கள் அணிக்குப் பயிற்சி தருபவருக்கு இது பழகிய நிலம். ஒரு சொல் மாறினால், களத்தில் ஒரு தோள் எங்கே போய் மோதும் என்பதும் மாறும். 2023-இல் இங்கிலாந்தில், சமூக அளவிலான ஆட்டங்களில் டேக்கிள், அதாவது பந்தோடு ஓடுபவரைப் பிடித்து வீழ்த்துவது, இடுப்புக்கு மேல் போகக் கூடாது என்று முதலில் அறிவித்தார்கள். எதிர்ப்பு கிளம்பியதும் மார்பெலும்பின் அடிமுனை வரை என்று திருத்தினார்கள். கற்பிக்க இது நல்ல சொல். இடுப்பு எங்கே தொடங்குகிறது என்று ஆளுக்கொரு கணக்கு சொல்லலாம்; மார்பெலும்பின் முனையை விரலால் தொட்டுக் காட்டலாம். முதல் நாளே ஒவ்வொருவரையும் தொட்டுப் பார்க்கச் சொல்லுங்கள்.

பெண்களில் பலர் வளர்ந்த பிறகுதான் ரக்பிக்கு வருகிறார்கள். சிறு வயதில் தள்ளுமுள்ளும் புரளலுமாக விளையாடும் வாய்ப்பு கிடைக்காதவர்கள் அவர்களில் நிறைய. எனவே டேக்கிளுக்கு முன்பே விழக் கற்றுத்தர வேண்டும். பழகாதவர் விழும்போது தன்னையறியாமல் கையை ஊன்றுவார். உடல் எடை முழுவதும் மணிக்கட்டிலும் காறையெலும்பிலும் இறங்கும். மல்லாந்து விழுகையில் தாடை தூக்கியிருந்தால் கழுத்து சாட்டைபோல் சுழன்று பின்மண்டை தரையில் அறையும். தாடையை நெஞ்சோடு ஒட்டி, பந்தை இரு கையாலும் அணைத்து, முழங்கால், இடுப்பு, தோள் என்ற வரிசையில் தரையைத் தொட வேண்டும். முதலில் முழங்காலிட்டு, பிறகு நின்று, பிறகு நடந்து. கழுத்துத் தசைப் பயிற்சி வாரம் இரண்டு முறையாவது வேண்டும்.

அதன் பிறகே டேக்கிள். இருவரும் ஒரு கை தூரத்தில் முழங்காலிடட்டும். மோதுபவர் கண்ணைத் திறந்தபடி, தோளை எதிராளியின் தொடையில் பதித்து, கன்னத்தைப் பக்கவாட்டில் ஒட்டி, இரு கைகளாலும் இறுக்கிப் பூட்ட வேண்டும். தலை எதிராளியின் பின்பக்கம் இருக்கட்டும். முன்பக்கம் போனால் ஓடிவரும் முழங்கால் நேரே நெற்றியில் இடிக்கும். நின்று செய்யும்போது தவறு காலில்தான் தொடங்குகிறது. முன்கால் எதிராளிக்கு அருகே ஊன்றாவிட்டால் கை மட்டும் நீளும், முதுகு வளையும், தலை கவிழும். வலது தோளால் மோதினால் வலது கால்தான் முன்னே. மோதியபின் மூன்று நான்கு குறு அடிகள் வைத்து உந்த வேண்டும். எல்லோருக்கும் ஒரு தோள் தயங்கும். அந்தப் பக்கத்துக்குக் கூடுதல் முறை கொடுங்கள்.

எவ்வளவு பழக்கினாலும் சிவப்பு அட்டை ஒருநாள் வரும். தலையில் பட்ட அபாயகரமான டேக்கிளுக்கு ஆட்டத்தை நடத்தும் சர்வதேச அமைப்பான உலக ரக்பியின் அட்டவணைப்படி தொடக்கத் தண்டனை குறைந்தது நடு அளவு, அதாவது 6 வாரத் தடை. தவறை ஒப்புக்கொள்வது, முன்பு தண்டனை பெறாதது, விசாரணையில் நடந்துகொள்ளும் விதம் ஆகியவற்றைப் பார்த்து பெரும்பாலும் பாதி வரை குறைப்பார்கள். வழக்கறிஞர் பழக்கம் இங்கே கைகொடுக்கும். வீராங்கனையின் வாக்குமூலத்தை அன்று மாலையே, அவர் சொல்லும் சொற்களிலேயே எழுதி வாங்குங்கள். வீடியோவைப் பார்த்தபின் எழுதினால் நினைவும் படமும் கலந்துவிடும். குற்றமில்லை என்று வாதாடி வெல்லும் ஆசைக்கு இடம் தராதீர்கள். தோள் எங்கே பட்டது என்பது படத்தில் தெரியும்.

பெண்கள் ரக்பி நிலைத்து நின்றதே இப்படிப்பட்ட பொறுமையான ஏற்பாட்டு வேலையால்தான். 1991 ஏப்ரலில் வேல்ஸில் நடந்த முதல் உலகக் கோப்பையை லண்டனின் ரிச்மண்ட் கிளப்பைச் சேர்ந்த டெபோரா கிரிஃபின், சூ டோரிங்டன், ஆலிஸ் கூப்பர், மேரி ஃபோர்சித் நால்வரும், சர்வதேச ரக்பி வாரியத்தின் (இன்றைய உலக ரக்பி) ஒப்புதல் இல்லாமலேயே, ஏற்பாடு செய்தார்கள். 12 அணிகள் வந்தன. கையில் காசில்லாத சோவியத் அணி வோட்காவும் பொம்மைகளும் கொண்டுவந்து விற்றுச் சமாளித்தது. கார்டிஃப் இறுதிப் போட்டியில் அமெரிக்கா 19–6 என்று இங்கிலாந்தை வென்றது. அந்தத் தொடரை அதிகாரபூர்வமான உலகக் கோப்பையாக ஏற்க வாரியத்துக்கு 2009 வரை ஆனது.

புதிதாக அணி தொடங்குபவர்கள் முதல் ஆட்டத்திலிருந்தே அணிப் பட்டியல், நடுவர் கையெழுத்திட்ட ஸ்கோர் தாள், காயப் பதிவேடு மூன்றையும் தேதியிட்டு ஒரே கோப்பில் வைத்துக்கொள்ளுங்கள். காப்பீட்டுக்காரர் கேட்பதும், மைதானம் ஒதுக்குபவர் கேட்பதும் பெரும்பாலும் அந்தக் கோப்பைத்தான்.