டியூப்லைட்டின் சுருதி

எட்டு வருடம் டிவி சீரியல்களுக்குப் பின்னணி இசை போட்டேன். நான் வேலை பார்த்த தொடர்களில் காட்சியைப் பார்த்து வாசிக்கிற பழக்கமே கிடையாது. தொடங்கும் முன்பே 'பிட்'டுகளை, அதாவது குட்டி இசைத் துண்டுகளை, மொத்தமாகக் கொடுத்துவிட வேண்டும். அழுகைக்கு ஏழெட்டு, மாமியார் முறைப்புக்கு ஐந்தாறு, அப்புறம் கோயில், கல்யாணம், ஆஸ்பத்திரி. எடிட்டர் வேண்டியதை எடுத்து ஒட்டிக்கொள்வார். தினமும் ஒரு எபிசோட் போக வேண்டும் என்றால் வேறு வழியில்லை. ஆனால் ஒரு சாவுக்காக நான் எழுதிய புல்லாங்குழல் பிட், பரீட்சையில் தோற்ற பையனுக்கும் ஓடியதை வடபழனியில் ஒரு டீக்கடை டிவியில் பார்த்தபோது மனசு கஷ்டமாக இருந்தது.

போன வருடம் ஒரு சின்னப் படம் வந்தது. வாசிப்பவர்கள் சம்பளம், ஸ்டுடியோ வாடகை எல்லாம் சேர்த்து இசைக்கு 1,20,000 ரூபாய். ஆனால் ஆர்.ஆருக்கு, அதாவது படத்தைப் பார்த்துப் பின்னணி இசை சேர்க்கிற வேலைக்கு, ஐந்து வாரம் கொடுத்தார்கள்.

அதில் ஒரு காட்சி. இரவு, ஹாஸ்டல் அறை. படிப்பை விட்டு ஊருக்கே போய்விடலாமா என்று ஒரு பெண் உட்கார்ந்திருக்கிறாள். வசனம் இல்லை. பழைய சோக் போட்ட டியூப்லைட் முனகிக்கொண்டே இருக்கிறது. அதை எடுத்துவிடலாமா என்று சவுண்ட் இன்ஜினியர் கேட்டார். வேண்டாம் என்றேன்.

நம் ஊர் கரண்ட் 50 ஹெர்ட்ஸ், அதாவது வினாடிக்கு 50 சுற்று. சோக் ஒரு சுற்றுக்கு இரண்டு முறை அதிரும். ஆக முனகல் 100 ஹெர்ட்ஸ். அதோடு சேர்த்து வாசிக்க நினைத்தது செல்லோ, பெரிய வயலின் மாதிரி ஒரு வாத்தியம். அதன் ஜி தந்தி 98. கிட்டத்தட்ட ஒன்றுதான், ஆனால் இரண்டையும் சேர்த்தால் வினாடிக்கு இரண்டு முறை சத்தம் கூடிக் குறைந்து அலையடிக்கும், காதை உறுத்தும். அந்த முனகல் ஐந்து கட்டைக்கும் ஐந்தரைக்கும் நடுவில், ஐந்தை ஒட்டி நிற்கிற சுருதி. கீபோர்டில் அதற்குக் கட்டையே இல்லை. செல்லோ அண்ணன் ட்யூனரை ஓரமாக வைத்துவிட்டு, ஹெட்போனில் முனகலைக் கேட்டபடி, அலை அடங்கும்வரை தந்தியை முறுக்கும் பிருடையைக் கொஞ்சம் கொஞ்சமாகத் திருகினார்.

இந்தத் தடவை ஒப்பந்தத்தை முழுசாகப் படித்தேன். சீரியல் நாட்களில் 'எல்லா உரிமையும் கம்பெனிக்கே' என்ற தாளில் படிக்காமலே கையெழுத்துப் போட்டிருக்கிறேன். 2012-ல் பதிப்புரிமைச் சட்டம் (காப்பிரைட்) திருத்தப்பட்ட பிறகு, தியேட்டருக்கு வெளியே படம் ஓடும்போது நமக்குச் சேர வேண்டிய ராயல்டிப் பங்கை எந்தத் தயாரிப்பாளரும் எழுதி வாங்கிக்கொள்ள முடியாது. இசையமைப்பாளர்களுக்கு ராயல்டி வசூலித்துக் கொடுக்கும் அமைப்பான ஐ.பி.ஆர்.எஸ்.ஸில் சேருங்கள். எந்த பிட், எத்தனை வினாடி என்று கியூ ஷீட்டை அன்றன்றைக்கே எழுதி வையுங்கள், தம்பிகளா.

அந்த ஹாஸ்டல் காட்சிக்கு நான் எழுதியது 1 நிமிடம் 52 வினாடி. திரையிட்ட அன்று பலருக்குக் கேட்டது கடைசி 11 வினாடிதான். அவள் எழுந்து போய் ஸ்விட்சை அணைக்கிறாள். முனகல் நிற்கிறது. அதே சுருதியில் செல்லோ மட்டும் இருட்டில் நின்றுகொண்டிருக்கிறது.