பதினாறா, நாற்பத்து மூன்றா

ஜூன் 11, 2025, புதன்

பதினைந்து நாள் லீவு போட்டுவிட்டு ஊருக்கு வந்திருக்கிறேன். அப்பாவுக்கு இடுப்பு மூட்டு ஆபரேஷன் ஆகி இன்றோடு பதினாறு நாள். டாக்டர் சொன்னது மூன்றே விஷயம்: தரையில் உட்காரக் கூடாது, சம்மணம் போடக் கூடாது, படுக்கும்போது இரண்டு காலுக்கும் நடுவே தலையணை. மூன்றையும் அவர் ஏற்றுக்கொள்ளவில்லை. மதியம் "மேசையில வச்சுத் திங்க நான் என்ன கலெக்டரா?" என்று கட்டிலை விட்டு இறங்கப் பார்த்தார். அண்ணி இலையும் கையுமாக அப்படியே நின்றுவிட்டார். நான்தான் தோளைப் பிடித்து உட்கார வைத்தேன். 83 வயது, 48 கிலோ. ஒரு கையால் தூக்கிவிடலாம். ஆனாலும் பிடித்த பிறகு என் வயிறு கொஞ்ச நேரம் கலங்கிக்கொண்டே இருந்தது.

சின்ன வயதில் தெருமுனையில் அந்த டிவிஎஸ் 50 சத்தம் கேட்டால் போதும். அண்ணன் டயனோரா டிவியை அணைப்பான், நான் புத்தகத்தை விரிப்பேன், தங்கை அடுப்படிக்கு ஓடுவாள். அப்பா செருப்பைக் கழற்றிவிட்டு நேராக டிவியிடம் போய் அதன் முதுகில் உள்ளங்கையை வைப்பார். சூடாக இருந்தால் இடுப்பிலிருந்து பச்சை பெல்ட் வெளியே வரும். ஈரத்துணி போட்டால் சூடு தணியும் என்று அண்ணன் ஒருநாள் கண்டுபிடித்தான். டிவியே போயிற்று.

சென்னையில் நண்பர்களிடம் இதைச் சொன்னால் சிரிப்பார்கள். நானும் சிரிக்க வைக்கிற மாதிரிதான் சொல்வேன். இங்கே உட்கார்ந்து எழுதும்போது அவ்வளவு சிரிப்பாக இல்லை.

ஜூன் 12, வியாழன்

மேட்டூர் திறந்தாயிற்று. ஜூன் 12இல் திறந்தால் எங்கள் வீட்டில் அன்றைக்குப் பாதி தீபாவளி. காலையிலிருந்து டிவியை அணைக்க விடவில்லை. எத்தனை அடி, எத்தனை கனஅடி என்று திரும்பத் திரும்பக் கேட்டார். கல்லணைக்கு வர மூன்று நாள், அங்கிருந்து வாய்க்கால் வாய்க்காலாக எங்கள் கடைமடைக்கு வர அதற்கப்புறமும் நாளாகும். அதுவரை போர் தண்ணீரில் நாற்றங்கால்.

அப்பா என்னைப் பார்த்துச் சொன்னார்: "நாத்து பதினாறுதான் விடணும். பெரியவன்கிட்ட சொல்லிடு."

பெரியவன் கட்டிலுக்கு இரண்டடி தள்ளித்தான் நின்றுகொண்டிருந்தான்.

அம்மா இருந்தவரை எல்லாம் அவள் வழியாகத்தான் போகும், வரும். "அப்பா ஒத்துக்கிட்டாரா?", "இன்னும் கேக்கல, சாப்பிட்டு முடிக்கட்டும்." என்னைப் பாலிடெக்னிக்கில் சேர்க்கப்போகிறார் என்பதே அம்மா சோறு போடும்போது சொல்லித்தான் எனக்குத் தெரியும். அவள் போய் ஆறு வருஷம் ஆகிறது. இப்போது யார் கிடைத்தாலும் தூதுவர்தான்.

ஜூன் 13, வெள்ளி

ராத்திரி அண்ணனோடு மோட்டார் கொட்டகையில் படுத்தேன். கொசு பிடுங்கி எடுத்தது. நெடுநேரம் கழித்து அவனே ஆரம்பித்தான். ஏஎஸ்டி 16 குண்டு நெல், ஏடிடி 43 சன்னம். கொள்முதல் நிலையத்தில் பொது ரகம் குவிண்டால் 2405, சன்ன ரகம் 2450. 45 ரூபாய் வித்தியாசம். 43 போடலாமா என்று நாலு வருஷமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறானாம். ஏன் கூடாது என்று அப்பா ஒருதரம்கூடச் சொன்னதில்லை. காரணம் சொல்லும் வழக்கம் அவருக்கு எப்போதுமே கிடையாது.

ஏழு ஏக்கரையும் உழுது, நட்டு, மருந்தடித்து, அறுத்து, மூட்டை பிடித்து லாரி ஏற்றுவது அண்ணன். பணம் ஏறுவது அப்பா கணக்கில். 57 வயதில், பேத்தி எடுத்த பிறகும், பெட்ரோலுக்குக் கட்டில் பக்கம் போய் நிற்கிறான்.

"போட்டுப் பாரேன்" என்றேன்.

"நீ சொல்லிட்டு பஸ் ஏறிடுவ" என்றான். கோபமாகச் சொல்லவில்லை. நானும் பதில் சொல்லவில்லை. பதினெட்டு வயதில் பஸ் ஏறினவன் நான். அவன் ஏறவில்லை. அவ்வளவுதான் எங்களுக்குள் வித்தியாசம்.

ஜூன் 15, ஞாயிறு

தங்கை போன் செய்தாள். அப்பா எப்படி இருக்கிறார், மலம் போனாரா, எல்லாம் விசாரித்தாள். வருகிறாயா என்றேன். வரவில்லை என்றாள். அவளுக்குக் காரணம் இருக்கிறது, அது அவள் எழுத வேண்டியது.

அண்ணன் சாயங்காலம் விதை ஊற வைத்தான். எந்த மூட்டை என்று நான் எட்டிப் பார்க்கவில்லை.

ஜூன் 17, செவ்வாய்

நாற்று விட்டாயிற்று. அண்ணன் சேற்றுக் காலைக் கழுவிவிட்டு, அப்பாவைப் புரட்டிப் படுக்க வைக்க உள்ளே வந்தான். அவன் முழங்கையில் ஒரு நெல் ஒட்டிக்கொண்டிருந்தது. வெள்ளையாக முளை எட்டிப் பார்க்கும் நெல். அவன் கவனிக்கவில்லை. அப்பா கவனித்தார்.

இரண்டு விரலால் எடுத்து, முளை ஒடியாமல் உள்ளங்கையில் வைத்துக்கொண்டார். கண்ணாடி கேட்பார் என்று நினைத்தேன். கேட்கவில்லை. கட்டைவிரலால் மெல்ல உருட்டினார். அவருக்கு அது போதும்.

"சன்னம்" என்றார்.

ஃபேன் சத்தம் மட்டும் கேட்டது. அண்ணி அடுப்படி வாசலில் வந்து நின்றார். எனக்கு டிவியின் முதுகு ஞாபகம் வந்தது.

"எவ்ளோ?"

"மூணரை ஏக்கருக்கு."

"மீதி?"

"பதினாறுதான்."

"யாரக் கேட்டு விட்ட?"

அண்ணன் என்னைப் பார்த்தான். நான் சொல்லிக் கொடுத்ததாகச் சொல்லிவிடுவான் என்று நினைத்தேன். உண்மையில் அப்படிச் சொன்னால் தேவலை என்றிருந்தது. அவன் துண்டை எடுத்துக் கையைத் துடைத்தான். துடைத்த கையையே மறுபடி துடைத்தான்.

"யாரையும் கேக்கலப்பா."

அப்பா அந்த நெல்லை ஜன்னல் கட்டையில் வைத்தார். அப்புறம் என் பக்கம் திரும்பி, "தலையணைய சரியா வை" என்றார். வைத்தேன். அண்ணன் இன்னொரு பக்கம் பிடித்தான். இரண்டு பேருமாகப் புரட்டிப் படுக்க வைத்தோம்.

ராத்திரி அப்பா சாப்பிடவில்லை. வயிறு சரியில்லை என்றார். அண்ணனும் சாப்பிடவில்லை. நான் சாப்பிட்டேன். நல்ல பசி.

ஜூன் 18, புதன்

காலையில் ஜன்னல் கட்டையில் நெல் இல்லை. எறும்பு இழுத்துப் போயிருக்கும், அல்லது அண்ணி கூட்டித் தள்ளியிருப்பார்.

எட்டு மணிக்கு அண்ணன் சட்டை மாட்டிக்கொண்டு கட்டில் பக்கம் வந்து நின்றான்.

"உரக்கடைக்குப் போவணும்ப்பா. பெட்ரோலுக்கு ஐநூறு."

அப்பா தலையணைக்கு அடியில் கை விட்டுப் பர்ஸை எடுத்தார். கை நடுங்கியதால் ஜிப் திறக்க நேரமானது. அண்ணன் உதவப் போகவில்லை, பேசாமல் காத்துக்கொண்டு நின்றான். எச்சில் தொட்டு எண்ணி நீட்டினார்.

"முந்நூறு போதும்."

அண்ணன் வாங்கிப் பையில் வைத்துக்கொண்டு போனான்.