சாட்சியாகப் போன என் கைப்பேசி

எங்கள் ஊர் மலேசியாவில் சுங்கை சிப்புட். அம்மா பால்மரம் வெட்டியவர், நான் செம்பனை ஆலையில் கிராணி. தம்பி தன் கூட்டாளி வாங்கிய கடனுக்காக, ஆலோங் எனப்படும் சட்டவிரோத வட்டிக்காரனிடம் ஜாமீன் கையெழுத்துப் போட்டிருந்தான். கூட்டாளி ஊரை விட்டுப் போனதும் மிரட்டல்கள் என் வாட்ஸ்அப்புக்கு வர ஆரம்பித்தன. ஓர் இரவு 11.42-க்கு, எங்கள் வீட்டு எண்ணைச் சொல்லி, கொளுத்திவிடுவோம் என்று ஒரு செய்தி. விடிந்து பார்த்தால் அனுப்பியவனே அதை அழித்திருந்தான். அதை நான் படம் பிடித்து வைக்கவில்லை. அன்றே போய்ப் போலீஸ் புகார் செய்தேன்.

பழைய மிரட்டல்களின் ஸ்கிரீன்ஷாட்களை அச்சடித்துக் கொண்டுபோனேன். சார்ஜன் அவற்றை வாங்கி வைத்துக்கொண்டு, "தங்கச்சி, இது மட்டும் பத்தாது, போனே வேணும்" என்றார். எனக்கு அழுகையே வந்துவிட்டது. இறந்துபோன அப்பா அனுப்பிய குரல் செய்திகள் அதில்தான் இருந்தன. நான் தயங்கியதைப் பார்த்து அவர் பொறுமையாக விளக்கினார். ஆண்ட்ராய்டு போனில் வாட்ஸ்அப் தினமும் அதிகாலை 2 மணிக்குத் தானாகவே ஒரு நகல் எடுத்து வைக்கும். கடைசி 7 நாள் நகல்கள்தான் போனில் இருக்கும், பழையது போய்க்கொண்டே இருக்கும். இரவு வந்த செய்தி 2 மணிக்குப் பிறகு அழிக்கப்பட்டிருந்தால், அந்த நகலில் அது இருக்க வாய்ப்பு உண்டு. ஆனால் நாள் தள்ளக் கூடாது, செயலியை நீக்கிவிட்டுத் திரும்பப் போடவும் கூடாது. அதைக் கேட்ட பிறகுதான் கொடுக்க மனம் வந்தது.

போனை விமான முறைக்கு மாற்றி, என் கண் முன்னாலேயே உறையில் போட்டு முத்திரை வைத்தார்கள். ஒப்படைப்புப் படிவத்தில் கையெழுத்துப் போடும் முன் ஐஎம்இஐ எண்ணைச் சரிபார்த்தேன். ஒவ்வொரு போனுக்கும் தனியாக இருக்கும், *#06# அழுத்தினால் வரும் 15 இலக்க எண் அது, முன்பே ஒரு தாளில் எழுதி வைத்திருந்தேன். படிவத்தில் ஓர் இலக்கம் மாறியிருந்தது. சொன்னதும் திருத்தி, பக்கத்தில் கையெழுத்திட்டார்கள். வழக்கில் இந்த ஒரு இலக்கத்தைப் பிடித்துக்கொண்டு 'இது அந்தப் போனே இல்லை' என்று வாதாட முடியும். கொடுப்பவர்கள் அவசரப்படாமல் படித்துப் பார்ப்பது நல்லது.

அப்புறம் மாதக்கணக்கில் காத்திருப்புதான். மிரட்டல் குற்றத்துக்கான குற்றவியல் சட்டம் 506-வது பிரிவில் வழக்குப் பதிவானது.

ஈப்போ நீதிமன்றத்தில் முதல் சாட்சி நான். மொழிபெயர்ப்பாளர் வழியாகத் தமிழிலேயே சொன்னேன். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் என் போனை ஆய்வு செய்த அறிக்கையைக் காட்டி, "செய்தி 15.42-க்கு வந்ததாக இதில் இருக்கிறது. பிற்பகல் 3.42-க்கு வந்ததை நீங்கள் இரவு என்கிறீர்களே?" என்றார். வாய் உலர்ந்துவிட்டது. "இரவுதான் படித்தேன், புவான்" என்று மாஜிஸ்திரேட்டைப் பார்த்து மட்டும் சொன்னேன்.

என் சாட்சியம் முடிந்ததும் பின் வரிசையில் உட்கார அனுமதித்தார்கள். அடுத்துச் சாட்சி சொல்ல வந்த, போனை ஆய்வு செய்த நிபுணர்தான் எனக்கு மூச்சு கொடுத்தார். அறிக்கையில் இருந்தது உலகப் பொது நேரம், மலேசிய நேரம் அதற்கு 8 மணி நேரம் முன்னால் என்றார். 15.42-உடன் 8 மணியைக் கூட்டினால் சரியாக இரவு 11.42! அழிக்கப்பட்ட செய்தியும் அந்த 2 மணி நகலிலிருந்துதான் கிடைத்திருந்தது. போனில் இருந்த தரவுகளை முதலில் பிரதி எடுத்து, அந்தப் பிரதியில்தான் தேடியதாகவும் சொன்னார். பிரதிக்கு 'ஹேஷ்' என்று ஒரு நீண்ட எண் கணக்கிடுவார்களாம். உள்ளே ஓர் எழுத்து மாறினாலும் அந்த எண்ணே வேறாகிவிடும். அப்பாவின் குரல் யார் கையில் சிக்கி என்ன ஆகுமோ என்று பயந்துகொண்டிருந்த எனக்கு, அவ்வளவு கவனமாகக் கையாண்டிருக்கிறார்கள் என்பதே பெரிய ஆறுதல்.

மிரட்டல் வந்த தொலைபேசி எண் யார் பெயரில் இருந்தது என்பதைத் தொலைத்தொடர்பு நிறுவனத்திலிருந்து வந்த சாட்சி உறுதி செய்தார். குற்றம் நிரூபணமானது.

மேல்முறையீட்டுக்கான 14 நாள் முடிந்த பிறகே போன் கைக்கு வந்தது, கொடுத்து ஒரு வருடம் இரண்டு மாதம் கழித்து. உறையில் வழக்கின் சான்றுப் பொருள் எண்ணாக 'பி3' என்று எழுதியிருந்தது. பேட்டரி செத்துப்போயிருந்தது. கடையில் புது பேட்டரி போட்டு, வீட்டுக்கு வந்து, அம்மாவைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு அப்பாவின் செய்திகளைத் திறந்தேன். எல்லாமே இருந்தன.